கைப்பக்குவமும் வேணும், தராசும் வேணும்

(தொண்டாமுத்தூர் வட்டார மகளிர் சுய உதவிக் குழுக் கூட்டமைப்பின் மாதக் கூட்டத்தில், வீட்டிலேயே தக்காளி சாஸ், பார்பிக்யூ சாஸ் தயாரிப்பது பற்றிக் கள ஒருங்கிணைப்பாளர் பேசியதன் எழுத்து வடிவம். அன்று கூட்டத்துக்கு வர முடியாத உறுப்பினர்கள் கேட்டுக்கொண்டதால் இங்கே வெளியிடுகிறோம்.)



போன கூட்டத்தில் நரசீபுரம் பக்கத்து அக்கா ஒருத்தர் எழுந்து ஒரு கேள்வி கேட்டாங்க. "அம்மிணி, தக்காளி பறிக்கிற கூலிக்கே விலை கட்டலை. செடியிலேயே விட்டுட்டோம். இதைச் சாஸ் போட்டு வித்தா என்ன?" என்று கேட்டாங்க. நேரம் ஆகிவிட்டதால் அன்றைக்கு நான் பதில் சொல்லவில்லை. அந்தக் கேள்விக்கு முழுசாகப் பதில் சொல்லத்தான் இன்றைக்கு வந்திருக்கிறேன்.

தக்காளி விலை எப்படி ஆடும் என்று உங்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை. 2023 ஜூலையில் கிலோ நூறு ரூபாயைத் தாண்டியது. தமிழக அரசே ரேஷன் கடைகளில் கிலோ 60 ரூபாய்க்குத் தக்காளி விற்றது. அதே ஆண்டு செப்டம்பரில் விலை அப்படியே சரிந்தது. ஜூலையில் பூட்டி வைத்த பழத்தைச் செப்டம்பரில் பல ஊர்களில் ரோட்டோரம் கொட்டினார்கள். மழை, வெயில், எல்லோரும் ஒரே சமயத்தில் நடுவது என்று காரணம் பல. பழம் நான்கு நாளுக்கு மேல் தாங்காது என்பதுதான் நம் கையைக் கட்டிப் போடுகிறது. தாங்க வைத்தால் வியாபாரி சொல்கிற விலைக்குத் தலையாட்ட வேண்டியதில்லை. சாஸ் போடுவது அதற்கு ஒரு வழி.

ஆனால் செய்முறையைச் சொல்வதற்கு முன்னால் என் தப்பு ஒன்றைச் சொல்லியாக வேண்டும்.

மூடி தெறித்த கதை

சில ஆண்டுகளுக்கு முன்பு வேறொரு வட்டாரத்தில் நான் வேலை பார்த்தேன். அங்கே ஒரு குழுவுக்குத் தக்காளி சாஸ் கற்றுக் கொடுத்தேன். நானே ஒரு நாள் பயிற்சிக்குப் போய்விட்டு வந்தவள்தான். சமூகப் பணிப் பட்டம் வாங்கியிருக்கிறேன், சமையல் தெரியும், அது போதும் என்று நினைத்துவிட்டேன். "உங்க கைப்பக்குவத்துக்கு அளவெல்லாம் எதுக்குங்க, கண்ணளவு போதும்" என்று நான்தான் சொன்னேன். நாற்பது பாட்டில் போட்டோம். ருசி பிரமாதம். ஒரு கடையில் வைத்தோம்.

மூன்றாவது வாரம் கடைக்காரர் கூப்பிட்டார். பாட்டில் மூடிகள் பட்டு பட்டென்று தெறிக்கின்றன, அலமாரி முழுக்கச் சாஸ் என்றார். போய்ப் பார்த்தால் நுரை கட்டிப் புளித்த கள் மாதிரி வாசம். நாற்பதையும் எடுத்துக் குழியில் கொட்டினோம். ஒரு அக்கா குழுவில் 6,000 ரூபாய் உள்கடன் வாங்கி அதில் போட்டிருந்தாங்க. அந்தக் கடனை ஏழு மாசம் பால் ஊற்றிக் கட்டினாங்க. என்னை ஒரு வார்த்தை திட்டவில்லை. ஒரே ஒரு கேள்வி கேட்டாங்க.

"ஏனுங் அம்மிணி, என் கையில வெச்ச குழம்பு இத்தனை வருஷத்துல ஒரு நாளும் கெட்டதில்லையே. இது மட்டும் ஏன் கெட்டுச்சு?"

அந்தக் கேள்விக்கு விடை தேடித்தான் பிறகு கோவை வேளாண்மைப் பல்கலைக்கழகத்தில் அறுவடைக்குப் பின்சார் தொழில்நுட்ப மையத்துக்குப் போய் ஒழுங்காகப் படித்தேன். விடை சுலபமானது. குழம்பை இன்றைக்கு வைத்து இன்றைக்கே சாப்பிடுகிறோம். சாஸ் இரண்டு மூன்று மாசம் அலமாரியில் உட்கார வேண்டும். அத்தனை நாளும் கண்ணுக்குத் தெரியாத ஈஸ்டும் பூஞ்சணமும் அதைத் தின்னப் பார்க்கும். ருசியைப் பார்த்து அவை ஒதுங்கிப் போகாது. நான்கு காவல்தான் அவற்றைத் தடுக்கும்: புளிப்பு, இனிப்பும் உப்பும் சேர்ந்த கெட்டித்தன்மை, சூடு, சுத்தமான பாட்டில்.

எங்கள் சாஸில் நான்குமே ஓட்டை. வினிகரைத் தொடக்கத்திலேயே ஊற்றிக் கொதிக்க விட்டோம், அது ஆவியாகப் போய்விட்டது. சீக்கிரம் இறக்கியதால் சாஸ் நீர்த்திருந்தது. ஆறிய பிறகு அடைத்தோம். பாட்டிலைக் குழாய்த் தண்ணீரில் அலசி ஈரத்தோடு நிரப்பினோம்.

ஒரு பழைய கதை

கெச்சப் என்கிற பேரே தென்சீனப் பக்கத்து மீன் சாறிலிருந்து வந்தது என்கிறார்கள். 1812-ல் ஜேம்ஸ் மீஸ் என்ற அமெரிக்கர் தக்காளியில் அதைச் செய்யும் முறையை எழுதி வைத்தார். ஹெய்ன்ஸ் கம்பெனி 1876-ல் தக்காளி கெச்சப் விற்கத் தொடங்கியது. அந்தக் காலத்தில் பல கம்பெனிகள் தொழிற்சாலையில் மிஞ்சிய தோல், காய்வெட்டுத் துண்டுகளைப் போட்டுக் காய்ச்சி, கெடாமல் இருக்க சோடியம் பென்சோயேட் பொடியைத் தாராளமாகக் கொட்டினார்கள். 1906-ஐ ஒட்டிய ஆண்டுகளில் ஹெய்ன்ஸ் அந்தப் பொடியை விட்டுவிட்டது. நன்றாகப் பழுத்த பழம், கூடுதல் வினிகர், கூடுதல் சர்க்கரை. அதிலேயே சாஸ் கெடாமல் நின்றது.

நமக்கு இதில் பாடம் இருக்குங்க. நல்ல பழமும் சரியான புளிப்பும் இருந்தால் பொடிக்குப் பெரிய வேலை இல்லை. கெட்ட பழத்தை எந்தப் பொடியும் நல்லதாக்காது.

பழம் எது?

சந்தையில் கழிக்கிற பழம் இரண்டு வகை. சின்னது, கோணலானது, அடிபடாமல் லேசாக வெடித்தது, அன்றைக்கே பறித்தது என்றால் சாஸுக்குத் தாராளமாக ஆகும். அழுகினது, பூஞ்சணம் பிடித்தது, தண்ணீர் விட்டது ஆகவே ஆகாது. பூத்த இடத்தை மட்டும் வெட்டி எறிந்துவிட்டு மீதியைப் போடலாம் என்று நினைக்காதீங்க. பூஞ்சணத்தின் வேர் உள்ளே போயிருக்கும்.

ஆப்பிள் தக்காளியில் சதை அதிகம், சாஸ் சீக்கிரம் கெட்டியாகும். நாட்டுத் தக்காளியில் புளிப்பு அதிகம், சாறும் அதிகம். இரண்டையும் கலந்தால் நல்லது. பச்சையும் மஞ்சளுமான காம்புப் பக்கத்தை வெட்டிவிடுங்க, நிறம் கெடும்.

இன்னொன்று. கெட்டியாகட்டும் என்று சிலர் பூசணிக்காயைச் சேர்ப்பார்கள். வீட்டுக்கு என்றால் உங்க இஷ்டம். விற்பனைக்குத் 'தக்காளி சாஸ்' என்று லேபிள் ஒட்டிவிட்டு உள்ளே பூசணி வைப்பது ஏமாற்று. சட்டப்படியும் தப்பு.

சாதாத் தக்காளி சாஸ்

பத்துக் கிலோ பழத்தில் சுமார் ஏழு கிலோ சாந்து கிடைக்கும். ஒரு கிலோ சாந்துக்கு அளவு சொல்கிறேன், எழுதிக்கொள்ளுங்க:

சர்க்கரை 75 கிராம், உப்பு 10 கிராம், வெங்காயம் 50 கிராம், இஞ்சி 10 கிராம், பூண்டு 5 கிராம், மிளகாய்த்தூள் 5 கிராம், பட்டை, ஏலக்காய், சோம்பு, சீரகம், மிளகு தலா 1 கிராம், கிராம்பு 2, வினிகர் 25 மில்லி.

1. பழத்தைக் கழுவி, வெட்டி, தண்ணீர் சேர்க்காமல் வேக வையுங்க. மசித்துச் சல்லடையில் தேய்த்துத் தோலையும் விதையையும் நீக்குங்க. கிடைத்த சாந்தை எடை போடுங்க. மற்ற அளவெல்லாம் இந்த எடையை வைத்துத்தான்.

2. எவர்சில்வர் போசியில் சாந்தை ஊற்றி, சர்க்கரையில் மூன்றில் ஒரு பங்கை மட்டும் போடுங்க. முழுவதையும் இப்போதே போட்டால் நிறம் கறுத்துவிடும். இரும்புச் சட்டியும் செம்புப் பாத்திரமும் வேண்டாம்.

3. வெங்காயம், இஞ்சி, பூண்டு நசுக்கி, மசாலாச் சாமான்கள் எல்லாவற்றையும் மெல்லிய வெள்ளைத் துணியில் முடிச்சாகக் கட்டிச் சாந்துக்குள் தொங்க விடுங்க. கிராம்பின் கொண்டையைக் கிள்ளி எறிந்துவிடுங்க, அதுவும் கறுக்க வைக்கும்.

4. மூன்றில் ஒரு பங்காகச் சுண்டும் வரை கிளறுங்க. ஒரு குச்சியில் முதல் மட்டத்தைக் குறித்துக்கொண்டால் கண்ணால் ஏமாற மாட்டோம். முடிச்சைப் பிழிந்து எடுத்துவிட்டு மீதிச் சர்க்கரை, உப்பு போடுங்க.

5. வட்டலில் ஒரு சொட்டு விட்டுப் பாருங்க. சொட்டைச் சுற்றித் தண்ணீர் வளையம் பிரிந்தால் இன்னும் காய்ச்ச வேண்டும்.

6. இறக்குவதற்குச் சற்று முன்புதான் வினிகர். ஊற்றிக் கலக்கி ஒரு கொதி வந்ததும் இறக்கிவிடுங்க.

7. கண்ணாடிப் பாட்டிலையும் மூடியையும் முன்பே தண்ணீரில் அரை மணி நேரம் கொதிக்க விட்டு, கவிழ்த்துக் காய வைத்திருக்க வேண்டும். சாஸ் கொதிக்கக் கொதிக்க இருக்கும்போதே ஊற்றி, மேலே அரை அங்குலம் விட்டு மூடுங்க. போசியின் அடியில் துணி விரித்து, பாட்டில்களை நிறுத்தி, கொதிக்கு முந்தின சூட்டில் இன்னும் அரை மணி நேரம் வைத்து எடுங்க. தானாக ஆறட்டும்.

விற்பனைக்கு என்றால் ஒரு கிலோ சாஸுக்குக் கால் கிராம் சோடியம் பென்சோயேட் சேர்ப்பது வழக்கம். கால் கிராம் என்பது ஒரு சிட்டிகை என்று நினைக்காதீங்க. நகைக்கடைத் தராசு மாதிரிச் சின்னத் தராசு குழுவுக்கு ஒன்று வாங்கி, எடை போட்டு, கொஞ்சம் வெந்நீரில் கரைத்துத்தான் ஊற்ற வேண்டும். கண்ணளவு வைக்கவே கூடாத பொருள் இது. வீட்டுக்குப் போடுகிற சாஸுக்கு இது தேவையே இல்லை. திறந்த பாட்டிலை ஃப்ரிட்ஜில் வைத்து ஒரு மாசத்தில் தீர்த்துவிடுங்க.

சுட்ட தக்காளி சாஸ் என்கிற பார்பிக்யூ சாஸ்

கோயமுத்தூருக்குப் போகிற பிள்ளைகளைக் கேட்டால் தெரியும், கிரில் கடைகளில் கோழிக்குத் தடவ ஒரு கருஞ்சிவப்புச் சாஸ் வைத்திருப்பார்கள். அதுதான் பார்பிக்யூ சாஸ். அமெரிக்காவில் தணலில் வாட்டிய இறைச்சிக்குத் தடவுவது. பேரைக் கேட்டுப் பயப்படாதீங்க. புளிப்பு, இனிப்பு, காரம், புகை வாசம், இந்த நான்கும்தான். தணலில் தக்காளியும் மிளகாயும் சுட்டுச் சட்னி அரைக்கிற நமக்கு இதில் பாதி ஏற்கனவே தெரியும்.

வீட்டு அளவு: தக்காளி 2 கிலோ, சின்ன வெங்காயம் 250 கிராம், பூண்டு 30 கிராம், காய்ந்த மிளகாய் 8, நாட்டுச் சர்க்கரை 150 கிராம், உப்பு 20 கிராம், மிளகுத்தூள், சீரகத்தூள், கடுகுத்தூள் தலா 5 கிராம், வினிகர் 50 மில்லி.

கொட்டாங்குச்சித் தணல் போட்டு, தீ அணைந்து கங்கு மட்டும் இருக்கும்போது மேலே கம்பி வலை வைத்துத் தக்காளி, உரிக்காத வெங்காயம், உரிக்காத பூண்டு மூன்றையும் தோல் கறுக்கும் வரை சுடுங்க. மண்ணெண்ணெய் ஊற்றித் தணல் மூட்டாதீங்க, அந்த வாசம் சாஸில் நிற்கும். மிளகாயை ஒரு நிமிஷம் வாட்டினால் போதும். கருகின தோலை உரித்து எல்லாவற்றையும் அரைத்து, சல்லடையில் தேய்த்துக்கொள்ளுங்க. பாதியாகச் சுண்டியதும் நாட்டுச் சர்க்கரை, உப்பு, பொடிகள். நாட்டுச் சர்க்கரை போட்ட பிறகு அடி பிடிக்கும், கையெடுக்காமல் கிளற வேண்டும். கரண்டியின் பின்புறம் ஒட்டி நிற்கிற பதம் வந்ததும் வினிகர். பாட்டில் வேலை முன்பு சொன்ன மாதிரியே. அறுநூறு எழுநூறு கிராம் கிடைக்கும். எண்ணெய் சேர்க்க வேண்டாம்.

வெள்ளைக்காரர்கள் இதற்குக் கரும்புப் பாகின் கழிவான மொலாசஸை ஊற்றுகிறார்கள். நமக்கு அதைவிட நல்ல சாமான் பக்கத்திலேயே இருக்கிறது. பழனி பஞ்சாமிர்தத்துக்கு நாட்டுச் சர்க்கரை ஈரோடு மாவட்டம் கவுந்தப்பாடி ஏலத்தில்தான் வாங்குகிறார்கள். அந்த மாதிரிச் சர்க்கரை போட்டால் நிறமும் வாசமும் தானாக வரும்.

இப்போது கணக்குக்கு வருவோம்

இங்கேதான் நாம் எப்போதும் ஏமாறுகிறோம். உதாரணத்துக்கு ஒரு கணக்குப் போடுகிறேன். உங்க ஊர் விலையைப் போட்டு நீங்களும் பாருங்க.

சாதாத் தக்காளி சாஸ். தக்காளி 10 கிலோ, கிலோ 5 ரூபாய் வீதம் 50. சர்க்கரை, வெங்காயம், மசாலா, வினிகர் 110. கேஸ் 60. அரைக் கிலோ பாட்டில் ஐந்து, 75. லேபிள் 10. மொத்தம் 305. பாட்டிலுக்கு 61 ரூபாய். "அடேயப்பா, நூறு ரூபாய்க்கு வித்தா நாப்பது ரூபாய் லாபம்" என்று தோன்றுகிறதா?

அடுப்படியில் இரண்டு பேர் ஐந்து மணி நேரம் நின்றீங்களே, அது எங்கே? மணிக்கு 50 ரூபாய் என்றால் 500. இப்போது மொத்தம் 805. பாட்டிலுக்கு 161 ரூபாய். லாபம் என்று நாம் நினைத்தது நம் சொந்தக் கூலியில் ஒரு பகுதி மட்டும்தான்.

சரி, ஐம்பது கிலோவாகப் போட்டால்? சாமான் செலவு 1,525. நான்கு பேர் ஆறு மணி நேரம், கூலி 1,200. மொத்தம் 2,725. இருபத்தைந்து பாட்டில். பாட்டிலுக்கு 109 ரூபாய். பெரிய போசி, நிறைய கை, அதனால் கூலி குறைகிறது. தனி ஆளாகச் செய்யாமல் குழுவாகச் செய்வதில் இருக்கிற பலன் இதுதான்.

அப்படியும் பெரிய கம்பெனியின் சாதாச் சாஸ் விலையோடு நாம் முட்டி நிற்க முடியாது. ஆகவே என் யோசனை இதுங்க. சாதாச் சாஸை வீட்டுக்கும் தெரிந்தவர்களுக்கும் போடுங்க. கடைக்கு விற்பது என்றால் சுட்ட தக்காளி சாஸைப் பாருங்க. தணலில் சுட்டு, நாட்டுச் சர்க்கரை போட்டுச் செய்வது மிஷினுக்குச் சிரமம், நமக்குப் பழக்கம். அதற்குத் தனி விலை கேட்கலாம். முதலில் நூறு கிராம் மாதிரி எடுத்துக்கொண்டு நான்கு கிரில் கடைக்காரர்களைப் பாருங்க. வாங்குவதாகச் சொன்ன பிறகு போசியை ஏற்றுங்க.

இன்னும் இரண்டு விஷயம் கணக்கில் உண்டு. சொந்தத் தோட்டத்துப் பழம்தானே என்று தக்காளிக்குச் சுழியம் எழுதாதீங்க. அன்றைய சந்தை விலையை எழுதுங்க. அப்போதுதான் எந்த வாரம் சாஸ் போடலாம், எந்த வாரம் பழமாகவே விற்கலாம் என்று தெரியும். கிலோ 40 ரூபாய்க்குப் போகிற வாரத்தில் போட்டால் பாட்டிலுக்கு இன்னும் 70 ரூபாய் ஏறும். அந்த வாரம் பழத்தைப் பழமாகவே அனுப்பிவிடுங்க.

இரண்டாவது, கூலியை அன்றைக்கே பெயர் போட்டு நோட்டில் எழுதி, வந்தவர்களுக்குக் கொடுங்க. லாபம் வந்தால் பிறகு பிரிக்கலாம். பல குழுக்கள் உடைந்தது நட்டத்தால் இல்லை, யார் எத்தனை நாள் வந்தார்கள் என்று எழுதி வைக்காததால்.

விற்பதற்கு முன்

2006-ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி, சிறிய அளவில் உணவு தயாரித்து விற்பவர்களும் பதிவு செய்ய வேண்டும். குழு பேரில் செய்யலாம். லேபிளில் பொருளின் பேர், சேர்த்த சாமான்கள், எடை, தயாரித்த தேதி, எத்தனை நாளுக்குள் பயன்படுத்த வேண்டும், முகவரி, 14 இலக்கப் பதிவு எண், சைவத்துக்கான பச்சைப் புள்ளி எல்லாம் இருக்க வேண்டும்.

சிறு உணவுத் தொழில்களுக்கு 2020-ல் மத்திய அரசு கொண்டுவந்த திட்டத்தில், உணவு பதப்படுத்தும் குழு உறுப்பினருக்குத் தொடக்க மூலதனமாக 40,000 ரூபாய் வரை கொடுக்க வழி வைத்தார்கள். இந்த மாதிரி உதவி எது நடப்பில் இருக்கிறது என்று வட்டார அலுவலகத்தில் கேட்டுக்கொண்டு பிறகு மிஷின் பற்றிப் பேசுங்க. கடன் வாங்கி மிஷின் வாங்குவது முதல் வேலை இல்லைங்க, கடைசி வேலை.

முதல் வேலை நான் சொல்கிறேன். ஒவ்வொரு குழுவும் இரண்டு கிலோ பழத்தில் ஒரு முறை போடுங்க. அளவு, நேரம், செலவு மூன்றையும் நோட்டில் எழுதுங்க. ஒரு பாட்டிலைத் திறக்காமல் தேதி போட்டு ஒரு மாசம் அலமாரியில் வையுங்க. மூடி உப்பினாலோ, நுரை கட்டினாலோ, திறக்கும்போது வாசம் மாறியிருந்தாலோ வாயில் வைக்காமல் கொட்டிவிட்டு, நோட்டைப் பார்த்து எங்கே தவறினோம் என்று தேடலாம். இரண்டு கிலோவில் தவறினால் ஐம்பது, நூறு ரூபாயோடு போகும். நாற்பது பாட்டிலில் தவறியதால் ஒரு அக்கா ஏழு மாசம் பால் ஊற்றினாங்க.

அந்த அக்காவோடு இன்றைக்கும் பேசுகிறேன். அவங்க குழு மறுபடியும் சாஸ் போட்டது. அடுப்புப் பற்ற வைக்கும் முன்னால் தராசை எடுத்து வைப்பது அவங்கதானாம். போன முறை போனில், "கைப்பக்குவம் எங்கீங் போயிரும், அது இங்கேயேதான் இருக்குது. தராசுதான் புதுசு" என்று சிரித்தாங்க.

அடுத்த கூட்டத்துக்கு வரும்போது ஒவ்வொரு குழுவும் ஒரு பாட்டிலும் ஒரு நோட்டும் கொண்டு வாங்க. நான் முதலில் நோட்டைத்தான் பார்ப்பேன், ருசி அப்புறம்.